பன்னிரண்டு மணிச் சோதனை

மார்ச் 3

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். நானும் மாமாவும் சுகம். மாமாவின் முழங்கால் மட்டும் எங்களோடு ஒத்துப்போகாமல் தனிக்குடித்தனம் நடத்துகிறது. மாற்றலாகிப் போன இடத்தில் தண்ணீர் உனக்கு ஒத்துக்கொண்டதா? இருமல் விட்டதா?

ஒரு சேதி. போன வியாழக்கிழமை துணிக் கிடங்கின் சரக்கு லிஃப்ட் கயிறு அறுந்து மூன்றாம் மாடியிலிருந்து விழுந்துவிட்டது. உள்ளே லிஃப்ட்காரர் மட்டும்தான் இருந்தார். உயிருக்கு ஒன்றும் இல்லை. இடுப்பெலும்பு நொறுங்கி ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். லிஃப்ட் பெட்டியின் சுவரில் கண்ணாடிச் சட்டம் போட்டு நீ கொடுத்த சான்றிதழ் தொங்கியதாம். கண்ணாடியில் கீறல்கூட விழவில்லை என்று ஊரெல்லாம் அதைத்தான் அதிசயமாகப் பேசுகிறது. 'கயிறு, பிரேக் யாவும் நேரில் பார்க்கப்பட்டன. பழுதில்லை. ஜனவரி 18, காலை 11.20.' அதற்குக் கீழே உன் கையெழுத்து.

அந்தத் தேதி எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அன்று பிற்பகல்தான் இரட்டைக் காலம் பிடித்தது. ஒன்பது நாள், உண்டும் இல்லையும் ஒன்றாக நின்று நம்மைப் பாடாய்ப் படுத்தியது. மாமா கடைக்குப் போய் சோப்பு வாங்கியும் வந்தார், வாங்காமலும் வந்தார். அதற்காகச் சண்டை போட்டும் போடாமலும் தூங்கினோம்.

நீ கயிற்றைப் பார்த்தாய் அல்லவா? ஒரு வரி எழுது, போதும்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
உன் அக்கா

மார்ச் 15

அன்பு அக்காவுக்கு,

தம்பி. நான் நலம், இருமல் நின்றுவிட்டது. மாமாவின் முழங்காலுக்கு என் விசாரிப்பைச் சொல்.

அச்சகத்துக்கு மேலே ஒரு அறை கிடைத்திருக்கிறது. பகலெல்லாம் கீழே இயந்திரம் ஓடும். கட்டிலும் கூடவே ஆடும். நான் பகலில் ஆபீசில் இருப்பதால் கட்டில் மட்டும் தனியாக ஆடிக்கொண்டிருக்கிறது. சாப்பாட்டுக் கடைக்காரர் எதைக் கேட்டாலும் "இப்பதான் தீந்துச்சு" என்கிறார். ஆபீசில் பக்கத்து மேசை ஃபிட்டர் நல்ல மனிதர், அதிகம் பேச மாட்டார்.

லிஃப்ட் விஷயம் இங்கேயும் வந்தது. பாவம் அந்த மனிதர். சான்றிதழில் எழுதியிருப்பதுதான் விஷயம், அதற்குமேல் சொல்ல என்ன இருக்கிறது?

அன்றைக்கு இரட்டைக் காலம் பிடித்ததென்று நிலையத்தில் நீ சங்கு ஊதியது எத்தனை மணிக்கு? சும்மாதான் கேட்கிறேன்.

உன் தம்பி

மார்ச் 24

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதம் வந்தது. சுகம் அறிந்து நிம்மதி. இங்கும் குறைவில்லை.

நான் கயிற்றைப் பற்றிக் கேட்டேன், நீ சங்கைப் பற்றிக் கேட்கிறாய். சரி, சொல்கிறேன். உனக்குத் தெரியாததில்லை என்றாலும், விசாரணை அதிகாரி கேட்டால் எப்படிச் சொல்வேனோ அப்படியே எழுதிப் பார்க்கிறேன். மாற்றக் கண்காணிப்பு நிலையத்தில் ஒரு நாளைக்கு நாலு சோதனை. ஒன்பது, பன்னிரண்டு, மூன்று, ஆறு. மேசைமேல் ஒரு கைமணியை வைத்துவிட்டு, 'மணி இருக்கிறது' என்று ஒரு சீட்டும் 'மணி இல்லை' என்று ஒரு சீட்டும் எழுதித் தராசின் இரண்டு தட்டிலும் போடுவேன். மெய்யான சீட்டின் தட்டு தாழ்ந்தால் இயல்புக் காலம். இரண்டும் சமமாக நின்றால் இரட்டை. அன்று மூன்று மணிக்குச் சமமாக நின்றது. மூன்று பத்துக்குச் சங்கு ஊதினேன். போதுமா?

லிஃப்ட்காரரின் மனைவி நேற்று நிலையத்துக்கு வந்தாள். உட்காரச் சொன்னால் உட்காரவில்லை. "உங்க தம்பி மேல ஏறினது நெஜம்தான். எங்க வீட்டுக்காரர்தான் ஏணியப் புடிச்சுக்கிட்டு நின்னாராம். ஆனா உங்க தம்பி கயித்தப் பாக்கலையாம்மா. தடவிக்கிட்டே இருந்தாராம்" என்றாள்.

தடவினாயா? எதற்கு?

அக்கா

ஏப்ரல் 10

அன்பு அக்காவுக்கு,

நலம், நலமறிய ஆவல். கையெழுத்தைப் பார்த்துப் பயந்துவிடாதே. மணிக்கட்டு சுளுக்கிக்கொண்டது, நான் சொல்லச் சொல்ல ஃபிட்டர் எழுதுகிறார்.

தடவுவது எங்கள் தொழிலில் வழக்கம். கயிற்றைச் சுற்றிப் பஞ்சுத் துணியைப் பிடித்துக்கொண்டு லிஃப்டை மெதுவாக ஓட்டச் சொல்வோம். இழை அறுந்த இடத்தில் துணி மாட்டும். லிஃப்ட்காரரின் மனைவிக்கு அது தெரிய நியாயமில்லை.

விசாரணை நோட்டீஸ் வந்துவிட்டது. சட்டம் உனக்குத் தெரியும். இரட்டைக் காலத்தில் எழுதியதற்கு அதன் எதிர்மறையும் அதே அளவு செல்லும், எழுதியவர்மேல் குற்றமில்லை. சங்கு கேட்கும் முன்பே காலம் மாறியிருந்தாலும் அப்படித்தான். ஒன்பது மணிக்கு இயல்பு என்பதை ஒப்புக்கொள்கிறேன். மூன்று மணிக்கு இரட்டை. நான் கையெழுத்துப் போட்டது பதினொன்று இருபது. நடுவில் பன்னிரண்டு மணிச் சோதனை இருக்கிறது. அதை நீ செய்திருப்பாய், உன்னைப் பற்றி எனக்குத் தெரியாதா?

ஆனாலும் கேட்கிறேன். செய்தாயா?

உன் தம்பி

ஏப்ரல் 19

தம்பிக்கு,

ஆசீர்வாதம். சுகம்தான்.

பதிவேட்டைப் பிரித்து வைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். ஜனவரி 18, பகல் 12.00, இயல்பு. மையில் எழுதி என் சுருக்கொப்பமும் போட்டிருக்கிறது. அடித்தல் திருத்தல் இல்லை. விசாரணை அதிகாரி நகல் கேட்டிருக்கிறார், அனுப்புவேன்.

இனி நான் கேட்கிறேன். மணிக்கட்டு சுளுக்கியவனால் கடிதம் எழுத முடியாது. ஆனால் கையெழுத்து மட்டும் நீ போட்டிருக்கிறாய். சுளுக்கிய கையால் போட்ட கையெழுத்து நடுங்கியிருக்கலாம். உன்னுடையது நடுங்கவில்லை, இடம்தான் மாறியிருக்கிறது. ஃபிட்டர் எழுதிய கடைசி வரியின்மேல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. பக்கத்தில் அரைப் பக்கம் காலியாகக் கிடக்கிறது.

நான் எழுதுவதை உனக்கு யார் படித்துக் காட்டுகிறார்கள்? ஃபிட்டரா? அப்படியானால் அவருக்கும் என் வணக்கம்.

உன் கைப்பட எழுது.

அக்கா

ஜூன் 2

அன்பு அக்காவுக்கு,

நலம்தானே இருவரும்? பதில் தாமதமானதற்குக் கோபிக்காதே. இங்கே அறுகண்ணிக் காலம் பிடித்துத் தபால் குழம்பிவிட்டது. இங்கிருந்து சந்திப்புக்குக் கடிதம் போகிறது, சந்திப்பிலிருந்து உன் ஊருக்கும் போகிறது, ஆனால் இங்கிருந்து உன் ஊருக்குப் போவதில்லை. தபால்காரர் தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். இது என் கையெழுத்துத்தான். பெரிது பெரிதாக இருப்பதற்குப் பேனாவைத் திட்டு.

ஒன்று சொல்ல வேண்டும். அன்றைக்குக் கிடங்கில் வேலை முடிந்ததும் உன்னோடு சாப்பிடலாம் என்று நேரே நிலையத்துக்கு வந்தேன். டவுன் மணிக்கூண்டு பன்னிரண்டு அடித்துக்கொண்டிருந்தது. கதவு பூட்டியிருந்தது. பூட்டைத் தொட்டுப் பார்த்தேன், வெளிப்பூட்டு. கால் மணி நேரம் படியில் உட்கார்ந்திருந்துவிட்டுப் பஸ்ஸுக்குப் போனேன்.

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. எனக்குத் தெரியும் என்பது உனக்குத் தெரியட்டும் என்றுதான் எழுதுகிறேன்.

உன் தம்பி

ஜூன் 11

தம்பிக்கு,

சுகம்.

உன் பக்கத்தில் அறுகண்ணி பிடித்தது மே 6, விட்டது மே 9. எல்லா நிலையங்களின் தகவலும் எனக்கு வந்துவிடும் என்பதை மறந்துவிட்டாயா? நாலு நாள் குழப்பத்துக்கு நாற்பது நாள் மௌனமா?

கதவு விஷயம். ஜனவரியில் நடந்ததை ஜூனில் வந்து சொல்கிறாய். மார்ச்சில் மாமாவின் முழங்காலை விசாரித்து எழுதினாய், அப்போது நினைவுக்கு வராத பூட்டு, நோட்டீஸ் வந்த பிறகு வருகிறது. என்னைப் பயமுறுத்துகிறாயா, இல்லை உதவி கேட்கிறாயா? உதவி என்றால் நேராகக் கேட்டிருப்பாய்.

வேறு ஒன்றும் எழுதுவதற்கில்லை.

அக்கா

ஜூலை 2

அன்புள்ள தம்பிக்கு,

நீ பதில் போடுவதற்குள் நானே எழுதுகிறேன். உடம்புக்கு ஒன்றும் இல்லை. மனசுதான் மூன்று வாரமாகச் சரியில்லை.

அன்று நான் நிலையத்தில் இல்லை. எங்கள் தெருக்குழாயில் தண்ணீர் வருவது பதினொன்றரையிலிருந்து பன்னிரண்டரை வரைக்கும்தான். மாமாவால் குடம் தூக்க முடியாது. போகிறேன், பிடித்து வைக்கிறேன், வருகிறேன். பதினோரு வருஷ வேலையில் பன்னிரண்டு மணிச் சோதனை ஒரு தடவைகூட மாறிக் காட்டியதில்லை. ஆகவே திரும்பி வந்து '12.00, இயல்பு' என்று எழுதிவிடுவேன். அன்று மட்டும் இல்லை, போன இரண்டு வருஷமாக வாரத்தில் மூன்று நாளாவது இப்படித்தான்.

உன் கடிதம் வந்த பிறகும் வாயைத் திறக்கக்கூடாது என்றுதான் இருந்தேன். லிஃப்ட்காரரின் மனைவி மறுபடி வந்தாள். இந்தத் தடவை உட்கார்ந்தாள். "உங்க புஸ்தகத்துல இருக்கறதுதான் தீர்ப்பாம். நீங்க பொய் எழுத மாட்டீங்கன்னு ஆபீசர் சொன்னாரு. அதான் எனக்குத் தெம்பு" என்றாள். எனக்கு உட்கார்ந்த நாற்காலி சுட்டது.

நேற்றுப் போய் எழுதிக் கொடுத்துவிட்டேன். பன்னிரண்டு மணிச் சோதனை நடக்கவில்லை, ஒன்பதுக்கும் மூன்றுக்கும் நடுவே எப்போது மாறியது என்று யாருக்கும் தெரியாது. அதிகாரி இரண்டு தடவை படித்துவிட்டு, "இதனால உங்க தம்பி தப்பிச்சுடுவார். தெரிஞ்சுதான் எழுதறீங்களா?" என்றார். "அவனுக்காக எழுதலைங்க" என்றேன். நம்பினாரா, தெரியவில்லை. அக்கா தம்பியைக் காப்பாற்ற ஜோடித்த கதை என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். அவள் என்ன நினைப்பாள் என்றுதான் எனக்கு வேதனை.

நீ தப்பித்துவிட்டாய். இனி என்னிடம் மறைக்கக் காரணம் இல்லை. உன் ஜூன் கடிதத்தில் எழுத்தின்மேல் எழுத்து ஏறியிருந்தது. ஒரே வரியை இரண்டு தடவை அதே இடத்தில் எழுதியிருந்தாய், உனக்கே தெரியாமல்.

உன் கண்ணுக்கு என்ன?

அக்கா

ஜூலை 14

அன்பு அக்காவுக்கு,

வணக்கத்துக்குரிய என் அக்காவுக்கு என்று தொடங்கச் சொன்னேன். ஃபிட்டர் சிரித்தார், நான் சிரிக்கவில்லை. ஆமாம், அவர்தான் எழுதுகிறார். உன் கடிதங்களைப் படித்துக் காட்டியதும் அவர்தான். இந்தக் கடைசிக் கடிதத்தைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார்.

நேற்று உத்தரவு வந்தது. காலம் எப்போது மாறியது என்பது நிச்சயமில்லாததால் என்மேல் நடவடிக்கை கைவிடப்படுகிறது. வேலையில் தொடரலாம்.

போன வருஷம் மே மாதத்திலிருந்து. பார்வைக்கு நடுவில் ஒரு புகைத் திட்டு. ஓரமெல்லாம் தெரியும், நடந்து போவேன், பஸ் ஏறுவேன், எதிரே வருபவரின் தோளைப் பார்த்தால் முகம் கொஞ்சம் பிடிபடும். எதை நேராகப் பார்க்கிறேனோ அது மட்டும் இருக்காது. டாக்டர் பெயர் ஒன்று சொன்னார், மருந்து ஒன்றும் சொல்லவில்லை. வேலை போய்விடும் என்று யாரிடமும் மூச்சு விடவில்லை. இருபது வருஷமாகப் பிடித்த கயிறுகள், கைக்குத் தெரியும் என்று நினைத்தேன். பாதிக்குமேல் கைக்குத் தெரியத்தான் செய்தது. ஆனால் கிடங்குக் கயிறு, மேலே அதன் முனையை இறுக்கிப் பிடிக்கும் இரும்புப் பிணைப்புக்குள் நுழைகிற இடத்தில் உள்ளுக்குள் அறுந்திருக்கிறது. அங்கே துணி போகாது. வெளியே செந்தூளாகத் துருப்பொடி கொட்டியிருக்கும், கண் உள்ளவன் கண்டுபிடித்திருப்பான். நான் பார்த்தேன் அக்கா. கண்ணைத் திறந்து அந்த இடத்தையேதான் பார்த்தேன். எனக்குத் தெரியவில்லை. தெரியவில்லை என்பது தெரிந்தும் 'நேரில் பார்க்கப்பட்டன' என்று எழுதினேன். அதற்கு இரட்டைக் காலம் தேவைப்படவில்லை.

உன்னைக் கேள்வி கேட்டுக் கேட்டு மூலையில் தள்ளினேன். அதற்கு மன்னிப்புக் கேட்கிற தைரியம் இன்னும் வரவில்லை.

மேமுதல் பிப்ரவரிவரை இருபத்து மூன்று லிஃப்ட். பட்டியல் என் மேசை டிராயரில் இருக்கிறது. கொடுத்தால் வேலை போகும், ஜெயிலும் உண்டு. கொடுக்காவிட்டால் ஒன்றும் நடக்காமலும் போகலாம்.

என்ன செய்யட்டும்?

உன் தம்பி

ஜூலை 20

அன்புள்ள தம்பிக்கு,

சுகம். என்னை இரண்டு மாதம் வேலையிலிருந்து நிறுத்தி வைத்திருக்கிறார்கள். தண்ணீர் பிடிக்க இனி அவசரமில்லை.

என்ன செய்யட்டும் என்று என்னைக் கேட்காதே. நான் சொல்லி நீ செய்தால் ஜெயிலுக்குப் போகும்போது என்னைத் திட்டுவாய். நான் சொல்லாமல் விட்டால் வேறொருவர் இடுப்பு நொறுங்கும்போது என்னைப் பங்குக்கு இழுப்பாய்.

எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். மாமா செவ்வாய்க்கிழமைதோறும் முழங்காலுக்காக டாக்டரைப் பார்க்கப் போகிறார். அந்தக் கட்டடத்தின் லிஃப்டிலும் உன் கையெழுத்து இருக்கிறது, நான் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். நேற்று அவரிடம், "இனிமே படியேறிப் போங்க" என்றேன். "நாலு மாடியா? முழங்காலுக்குத்தானேடி போறேன்?" என்றார். காரணம் சொன்னேன். முழங்காலைத் தேய்த்துவிட்டுக்கொண்டார். பிறகு, "எனக்கு நீ சொல்லிட்ட. மத்தவங்களுக்கு?" என்றார்.

அதையே உனக்கு எழுதுகிறேன்.

அக்கா

ஆகஸ்ட் 9

அன்பு அக்காவுக்கு,

நீயும் மாமாவும் நலமாயிருக்க வேண்டும். நான் நலம். உண்மையிலேயே.

உன் கடிதம் வந்த மறுநாள் காலையில் பட்டியலைக் கொண்டுபோய் மேலதிகாரியின் மேசையில் வைத்தேன். "கேஸ்தான் முடிஞ்சு போச்சே, எதுக்குய்யா இது?" என்றார். சொன்னேன். எழுந்து கதவைச் சாத்தினார். அன்றே என் அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள். கேஸை மறுபடி எடுக்கிறார்கள், செப்டம்பரில் ஆஜராக வேண்டும். உன் ஊரிலேயே வைத்திருக்கிறார்கள். லிஃப்ட்காரர் கோலூன்றி நடக்கப் பழகுகிறார் என்று கேள்விப்பட்டேன். வரும்போது அவரையும் அவர் மனைவியையும் பார்க்க வேண்டும். கூட வருவாயா?

இருபத்து மூன்றையும் மறுபடி சோதிக்க ஃபிட்டரை அனுப்பினார்கள். எந்த லிஃப்டில் எந்த இடத்தைச் சரியாகப் பார்க்கவில்லை என்பது எனக்குத்தான் தெரியும் என்று அவர் வாதாடி என்னையும் கூட்டிக்கொண்டார். முதல் நாளே டாக்டர் கட்டடம். அதில் ஒன்றும் இல்லை, மாமா தாராளமாக ஏறலாம். உன் ஊர்வரை வந்தும் உன் முகத்தில் விழிக்கத் தைரியமில்லாமல் அன்றே பஸ் ஏறிவிட்டேன். பதின்மூன்று முடிகிறவரை எல்லாமே நன்றாக இருந்தன. 'வீணாக மாட்டிக்கொண்டோமே' என்று எனக்கே தோன்ற ஆரம்பித்துவிட்டது, அதை உன்னிடம் மறைக்கவில்லை.

பதினாலாவது நர்ஸுகள் தங்கும் விடுதி. நாலு மாடி. மேலே இயந்திர அறையில் ஃபிட்டர் டார்ச் அடித்துக்கொண்டு குனிந்தார். குனிந்தவர் நிமிரவில்லை. "என்ன?" என்றேன். என் கையைப் பிடித்து இழுத்துப் பிணைப்புக்குக் கீழே வைத்தார். ஆறு புரி இருக்க வேண்டிய கயிற்றில் இரண்டுதான் கையில் பட்டது. மற்ற நாலும் துடைப்பக்குச்சி மாதிரி விரிந்து கிடந்தன.

அந்த நேரம் பார்த்துக் கீழே யாரோ பட்டனை அழுத்தினார்கள். மோட்டார் உறுமியது. ஃபிட்டர் பாய்ந்து மின்சாரத்தைத் துண்டித்தார். நான் கம்பித் தடுப்பில் வாயை வைத்து, "லிஃப்ட நிறுத்திட்டோம்மா, படியில வாங்க!" என்று கத்தினேன்.

கீழேயிருந்து ஒரு பெண்ணின் குரல், "இப்பதான் டியூட்டி முடிஞ்சு வரேன், நாலு மாடி ஏறணுமா? உங்களுக்கெல்லாம் மனசாட்சியே இல்லையா?" என்றது.

ஏறினாள் அக்கா. முதல் மாடியில் எங்கள் ஆபீசைத் திட்டினாள், இரண்டாம் மாடியில் எங்கள் பரம்பரையைத் திட்டினாள், மூன்றாம் மாடியில் மூச்சு வாங்க நின்று, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தாள். அவள் நாலாம் மாடிக் கதவைத் திறந்து உள்ளே போய்த் தாழ்ப்பாள் போடுகிற சத்தம் கேட்கிறவரைக்கும், ஒரு வார்த்தை விடாமல் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

இன்னும் ஒன்பது பாக்கி.

உன் தம்பி